சம்பள பாக்கிக்குக் கிடைத்த ஊர்

போலந்தின் வடகிழக்கு மூலையில், பெலாரஸ் எல்லைக்குச் சில கிலோமீட்டர் இப்பால், க்ருஷின்யானி என்று ஒரு சிற்றூர் இருக்கிறது. நீண்டு கிடக்கும் ஒரு தெரு, அதன் இருபுறமும் மர வீடுகள், வீட்டுக்குப் பின்னால் தோட்டம், தோட்டத்துக்குப் பின்னால் வயல், வயலுக்குப் பின்னால் காடு. அவ்வளவுதான் ஊர். நிரந்தரமாகக் குடியிருப்பவர்கள் இருநூறு பேர்கூட இல்லை. ஆனால் அங்கே போய் வந்ததிலிருந்து, "சொந்த ஊர்" என்ற சொல்லை யார் சொன்னாலும் எனக்கு அந்தத் தெருதான் நினைவுக்கு வருகிறது.

ஜூன் மாதக் கடைசியில், வார்சாவிலிருந்து சைக்கிளையும் ஏற்றிக்கொண்டு ரயிலில் பியாவிஸ்டோக் நகரத்துக்கு வந்தேன். அங்கிருந்து கிழக்கே மிதித்தால் அரை மணி நேரத்தில் காடு தொடங்கிவிடுகிறது. க்னிஷின் காடு. ஊசியிலை மரங்களும் வெள்ளைப்பட்டை பிர்ச் மரங்களும் மாறி மாறி வரும். இடையிடையே சதுப்பு, கறுத்த நீர் ஓடும் சிற்றாறுகள். 1988 முதல் இது பாதுகாக்கப்பட்ட நிலக்காட்சிப் பூங்கா. ஐரோப்பியக் காட்டெருமைகள் இங்கே சுதந்திரமாகத் திரிகின்றன. கோடையில் காட்டுக்குள்ளேயே இருந்துவிடும். குளிர்காலத்தில் மந்தை மந்தையாக வயல்வெளிக்கு வந்து நிற்கும். நான் போனது கோடை. ஒன்றையும் பார்க்கவில்லை. சாலையோரம் நெடுக ஊதா நிறத்தில் பூத்து நின்ற லூப்பின் செடிகளே எனக்கு வாய்த்த காட்சி.

காடு விட்டு வெளியே வந்தால் க்ரின்கி. சிறு நகரம். நடுவில் மரங்கள் அடர்ந்த வட்டத் திடல், அதிலிருந்து பன்னிரண்டு தெருக்கள் சக்கரத்தின் ஆரங்களைப் போலப் பிரிந்து போகின்றன. இரண்டாம் உலகப் போருக்கு முன்னால் இங்கே யூதர்களே அதிகம். தோல் பதனிடும் பட்டறைகளால் பிழைத்த ஊர் இது. இன்று பட்டறையும் இல்லை, அந்த மக்களும் இல்லை; பெரிய யூத ஆலயத்தின் இடிபாட்டுக் கற்கள் மட்டும் புல்லுக்குள் கிடக்கின்றன. இதே க்ரின்கியில்தான் சொக்ராத் யானொவிச் பிறந்தார். போலந்து நாட்டில் இருந்துகொண்டு பெலாரஸ் மொழியில் எழுதியவர். இந்த நிலப்பரப்பின் சிக்கல் முழுவதும் அந்த ஒரு வாக்கியத்திலேயே அடங்கியிருப்பதாக எனக்குத் தோன்றியது.

க்ரின்கியிலிருந்து க்ருஷின்யானி பத்துக் கிலோமீட்டருக்குச் சற்று மேல். நாரைக் கூடுகள் மின்கம்பத்தின் உச்சியில் கட்டில் போட்டதுபோல் அகலமாக உட்கார்ந்திருந்தன. ஒவ்வொன்றிலும் இரண்டு மூன்று குஞ்சுகள். தாய்ப்பறவை வெட்டிய புல்வெளியில், டிராக்டருக்குப் பின்னால், கூலிக்கு வந்த ஆள் மாதிரி நிதானமாக நடந்து தவளை பொறுக்கிக்கொண்டிருந்தது. இந்தச் சுற்றுவட்டாரத்தில் இன்னும் உருண்டைக் கல் பாவிய பழைய சாலைகள் எஞ்சியிருக்கின்றன. போலந்துக்காரர்கள் அந்தக் கற்களைப் "பூனைத் தலைகள்" என்கிறார்கள். சைக்கிளில் அதன்மேல் ஒரு கிலோமீட்டர் போனால் போதும், பெயர் ஆயுளுக்கும் மறக்காது. மணிக்கட்டிலிருந்து தோள்பட்டை வரை அதிர்ந்துவிடும்.

அந்தக் கற்களைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். இந்த மண் மணற்பாங்கானது. கம்பு போன்ற ரை தானியமும் ஓட்ஸும் உருளைக்கிழங்கும் விளையும், பெரிய மகசூல் கிடைக்காது. அந்த மணலுக்குள் கல் கிடக்கிறது. சாம்பல், இளஞ்சிவப்பு, கறுப்புப் புள்ளி போட்டது என்று பல நிறம். எதுவும் இந்த ஊர்க் கல் அல்ல. பனியுகத்தில் ஸ்காண்டிநேவியப் பாறைகளைப் பெயர்த்துக்கொண்டு தெற்கே நகர்ந்து வந்த பனிப்பாளம், உருகிப் பின்வாங்கியபோது இங்கே இறக்கிவிட்டுப் போன சுமை அது. குளிரில் மண் உறைந்து, வசந்தத்தில் இளகும்போது ஆழத்துக் கல் மெல்ல மேலே ஏறி வரும். சென்ற ஆண்டு பொறுக்கிச் சுத்தம் செய்த வயலில் இந்த ஆண்டு மறுபடியும் கல் முளைத்திருக்கும். தலைமுறை தலைமுறையாக அதைப் பொறுக்கி வரப்போரம் குவித்திருக்கிறார்கள். குவித்த கல் வீட்டுக்கு அடித்தளமாயிற்று, சாலையாயிற்று, மதிற்சுவராயிற்று. கல்லறைக்கல்லும் ஆயிற்று.

மனிதர்கள் வந்த கதையும் கிட்டத்தட்ட அப்படித்தான்.

துருக்கிய மொழி பேசிய முஸ்லிம் மக்களான தாத்தார்கள், பின்னாளில் போலந்தோடு ஒன்றான லிதுவேனியப் பெருநாட்டுக்குள் வந்து குடியேறத் தொடங்கியது 14ஆம் நூற்றாண்டில். குதிரைப்படை வீரர்கள். 1410இல் க்ருன்வால்ட் போரில் ஜெர்மானியக் கிறிஸ்தவப் படை அமைப்பான டியூட்டானிக் வீரர்களுக்கு எதிராகப் போலந்து, லிதுவேனியப் படைகளோடு சேர்ந்து நின்றவர்களில் அவர்களும் உண்டு. இஸ்லாத்தைக் கைவிடாமலே கத்தோலிக்க மன்னர்களுக்குப் போரிட்டார்கள். ஆனால் 17ஆம் நூற்றாண்டில் ஓயாத போர்களால் போலந்துக் கஜானா காலி. படைக்குச் சம்பளம் கொடுக்கவில்லை. பழைய உரிமைகளும் ஒவ்வொன்றாகக் குறைக்கப்பட்டன. 1672இல் தாத்தார் படைப்பிரிவுகள் கலகம் செய்து துருக்கி சுல்தானின் பக்கம் போய்விட்டன. உழைத்த கூலி வராத வீட்டில் எத்தனை நாள்தான் விசுவாசம் தங்கும்? அவர்களைத் துரோகிகள் என்று எழுதி வைத்தவர்கள் பலர். எனக்கு அப்படிச் சொல்ல மனம் வரவில்லை.

சில ஆண்டுகளில் பலர் திரும்பி வந்தார்கள். அப்போது அரியணையில் இருந்தவர் மூன்றாம் யான் சொபியெஸ்கி. கொடுக்கக் காசில்லை, நிலம் இருந்தது. 1679இல், சம்பள பாக்கிக்கு ஈடாகத் தம்முடைய அரச நிலங்களைப் பிரித்துக் கொடுத்தார். சாமுவேல் முர்சா க்ஷெச்சொவ்ஸ்கி என்ற தளபதிக்கும் அவருடைய வீரர்களுக்கும் கிடைத்தது க்ருஷின்யானி. போஹோனிக்கி போன்ற வேறு சில ஊர்களும் வேறு படைப்பிரிவுகளுக்குப் போயின. போர் வந்தால் குதிரையோடு வர வேண்டும், மற்ற நாளில் உழுது பிழைக்கலாம், தொழுகைக்குத் தடை இல்லை. இதுவே ஏற்பாடு. நான்கு ஆண்டுகள் கழித்து, 1683இல் துருக்கியரோடு நடந்த பார்க்கானி போர்க்களத்தில் மன்னரின் உயிருக்கு ஆபத்து வந்தபோது காப்பாற்றியவர் இதே க்ஷெச்சொவ்ஸ்கிதான் என்பது ஊர் வழக்கு. மன்னர் பின்னாளில் இந்த வழியாகப் போனபோது அவர் வீட்டில் இறங்கி, லிண்டன் மரத்தடியில் உட்கார்ந்து பேசிவிட்டுப் போனார் என்றும் சொல்கிறார்கள். சொல்பவர்கள் நேற்று நடந்ததைச் சொல்வதுபோலத்தான் சொல்கிறார்கள்.

பள்ளிவாசல் தெருவிலிருந்து சற்று உள்ளே தள்ளி, மரங்களுக்கு நடுவே இருக்கிறது. முழுக்க மரம், பச்சை வண்ணம். 18ஆம் நூற்றாண்டின் கடைப்பகுதியில் கட்டியது. போலந்தில் இன்று நிற்கும் பள்ளிவாசல்களில் இதுவே மிகப் பழையது. முகப்பில் சதுரமாக இரண்டு கோபுரங்கள். உச்சியில் இருக்கும் பிறையைக் கையால் மறைத்துக்கொண்டு பார்த்தால் இது ஒரு கிராமத்துத் தேவாலயம். காரணம் எளியது. கட்டிய தச்சர்கள் உள்ளூர்க்காரர்கள். அவர்களுக்குத் தெரிந்த வழிபாட்டு இடம் தேவாலயம் ஒன்றுதான். "தொழுகைக்கு ஓர் இடம் கட்டிக் கொடுங்கள்" என்றால் அவர்கள் கை எதை அறியுமோ அதைக் கட்டினார்கள். கேட்டவர்களும் அதில் தொழுதார்கள். நான் எத்தனையோ பெரிய பள்ளிவாசல்களின் படங்களைப் பார்த்து வியந்திருக்கிறேன். இந்தச் சின்னப் பச்சைக் கட்டடத்தின் முன்னால் நின்றபோது வந்தது வேறு உணர்வு. பக்கத்து வீட்டுக்காரன் கை பட்ட தொழுகைக் கூடம் இது.

செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே போனால் பைன் மரத்தின் வாசனை. தரை முழுக்க ஒன்றின்மேல் ஒன்றாகக் கம்பளங்கள். அவரவர் வீட்டிலிருந்து கொண்டுவந்து போட்டதுபோல் ஒன்றின் நிறத்துக்கும் இன்னொன்றுக்கும் பொருத்தமில்லை. சுவரில் முஹிர் எனப்படும் சட்டமிட்ட எழுத்தோவியங்கள், குர்ஆன் வசனங்கள். பெண்களுக்குத் தனி அறை. ஆண்கள் பகுதியோடு அதை இணைப்பது சுவரில் கிடைமட்டமாக வெட்டிய நீண்ட திறப்பு, அதில் மெல்லிய திரை. நான் அந்த அறையில் கொஞ்ச நேரம் உட்கார்ந்திருந்தேன். திரைக்கு அப்பால் பிரசங்க மேடையான மிம்பரின் படிகள் மங்கலாகத் தெரிந்தன. ஜன்னல் வழியாக வந்த வெயில் ஒரு கம்பளத்தின் ஓரத்தில் விழுந்து, சிவப்பு நூல் வெளுத்துப் பழுப்பாகிப்போன இடத்தைக் காட்டியது. நெற்றி பட்டுத் தேய்ந்த இடமா, வெயில் பட்டு வெளுத்த இடமா என்று வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தேன்.

வழிகாட்டியாக இருந்தவர் தாத்தார். மொழியைப் பற்றிக் கேட்டேன். தம் முன்னோர்கள் பேசிய துருக்கிய மொழி சில தலைமுறைகளிலேயே போய்விட்டது என்றார். உள்ளூர்ப் பெண்களை மணந்தார்கள். தாயின் மொழியே பிள்ளைக்கு வாய்த்தது. பெலாரஸ் பேச்சும் போலிஷும் வீட்டு மொழியாயின. ஆனால் எழுத்து போகவில்லை. சமய நூல்களை பெலாரஸ், போலிஷ் மொழிகளிலேயே எழுதினார்கள், அரபு எழுத்தில். அரபியில் இல்லாத ஸ்லாவிய ஒலிகளுக்குப் புள்ளிகள் கூட்டிப் புது எழுத்துகள் செய்துகொண்டார்கள். கிதாப், ஹமாயில் என்று பெயர் பெற்ற அந்தக் கையெழுத்துப் பிரதிகளை அரபு மட்டும் தெரிந்தவர் வாசித்தால் ஓசை வரும், பொருள் விளங்காது. போலிஷ் மட்டும் தெரிந்தவருக்குக் காதில் விழுந்தால் புரியும், கண்ணால் பார்த்தால் புரியாது. இந்த ஊர்க்காரருக்கு மட்டும் இரண்டும் சேர்ந்து வரும். மொழி இழந்தவர்கள் என்று அவர்களைப் பற்றி இரக்கத்தோடு எழுதும் கட்டுரைகளைப் படித்திருக்கிறேன். இத்தனை பாடுபட்டு ஓர் எழுத்தை வளைத்துத் தமக்கென்று ஆக்கிக்கொண்டவர்களை அந்த ஒரு சொல்லில் அடைப்பது நியாயமில்லை.

மையவாடி பள்ளிவாசலுக்குப் பின்னால், மரங்கள் மூடிய ஒரு மேட்டில். இங்கே அதற்கு மிசார் என்று பெயர். புதிய கல்லறைகள் பளபளவென்று இழைத்த கிரானைட். பிறையும் நட்சத்திரமும், இறந்தவரின் புகைப்படம் பதித்த வட்டப் பீங்கானும்கூட. உள்ளே போகப் போகக் கல் சிறுத்துக்கொண்டே வருகிறது. கடைசியில் இழைக்காத வயற்கல் மட்டும். தலைமாட்டில் பெரிது, கால்மாட்டில் சிறிது. நான் குனிந்து பார்த்த ஒன்று முழங்கால் உயரம். பின்புறம் உருண்டையாக, பனிப்பாளம் உருட்டிய வடிவத்திலேயே இருந்தது. முன்புறத்தை மட்டும் ஒரு கை கொத்தித் தட்டையாக்கியிருந்தது. மேலே அரபு எழுத்தில் இஸ்லாமிய உறுதிமொழியான கலிமா. அதன் கீழே ரஷ்ய எழுத்தில் ஒரு பெயர். சாம்பல் பச்சைப் பாசி பாதி எழுத்தைத் தின்றிருந்தது. ஈரத் துணியால் துடைத்தால் படிக்கலாம் என்று தோன்றியது. ஆனால் தொடக் கூசியது. ஸ்காண்டிநேவியாவில் பிறந்த கல், அரபு வசனம், ரஷ்ய எழுத்து, தாத்தார் உடல், போலந்து மண். எது அந்நியம் என்று அந்தக் கல்லிடம் யாரும் கேட்கவில்லை.

தெருவுக்குத் திரும்பி வந்தபோது ஒரு வீட்டின் முன் பெஞ்சில் ஒரு பாட்டி உட்கார்ந்து பட்டாணி உரித்துக்கொண்டிருந்தார். இந்தப் பக்கத்து வீடுகளின் முன்னால் பெஞ்சு இல்லாமல் இருக்காது. என் முகத்தில் என்ன கண்டாரோ, தண்ணீர் வேண்டுமா என்று அவரே கேட்டார். போலந்தில் அறிமுகமில்லாத பெண்ணை "பானி" என்று மரியாதையாக அழைப்பது வழக்கம். நான் அப்படித்தான் தொடங்கினேன். அவர் இரண்டாவது வாக்கியத்திலேயே என்னைக் "குழந்தை" என்று கூப்பிட்டுவிட்டார். அவர் ஆர்த்தடாக்ஸ் கிறிஸ்தவர். இன்று ஊரில் பெரும்பாலானவர்கள் ஆர்த்தடாக்ஸ்தான். தாத்தார் குடும்பங்கள் ஒரு கை விரலுக்குள் அடங்கிவிடும். மற்றவர்கள் பியாவிஸ்டோக்குக்கும் அதைத் தாண்டியும் போய்விட்டார்கள்.

"நீங்கள் பேசுவது போலிஷா, பெலாரஸா?" என்று கேட்டேன்.

"நாங்கள் எளிய பேச்சு பேசுகிறோம்," என்றார். இங்கே தங்கள் மொழிக்கு அவர்கள் சொல்லும் பெயரே அது.

"அப்படியானால் நீங்கள் யார், போலந்துக்காரரா?"

"துத்தெய்ஷா," என்றார், பட்டாணித் தோலை மடியிலிருந்து உதறிக்கொண்டே. இங்கத்தவள் என்று பொருள். எல்லைக்கோடுகள் இந்த மக்களின் தலைக்கு மேலாக எத்தனையோ முறை நகர்ந்திருக்கின்றன: போலந்து, பிரஷ்யா, ரஷ்யப் பேரரசு, மறுபடி போலந்து, சோவியத், ஜெர்மன் ஆக்கிரமிப்பு, மறுபடி போலந்து. நகராத ஒன்றின் பெயரைச் சொல்லித் தங்களை அடையாளம் காட்டிக்கொள்ள அவர்கள் கற்றிருக்கிறார்கள். தாத்தார்களைப் பற்றிக் கேட்டேன். "அவர்களும் துத்தெய்ஷி. வேறு எங்கே போவார்கள்?" என்று என்னையே திருப்பிக் கேட்டார்.

இரவு தங்கிய வீட்டில் மறுநாள் காலையில் பியெரெகச்செவ்னிக் செய்வதைப் பக்கத்திலிருந்து பார்க்க அனுமதித்தார்கள். ஐரோப்பிய ஒன்றியம் 2009இல் மரபுச் சிறப்பு உணவாகப் பதிவு செய்த தாத்தார் பண்டம் இது. பதிவுக்கு முன்னும் பின்னும் செய்யும் கை அதேதான். மாவைப் பிசைந்து ஆறு உருண்டைகளாக்கி, ஒவ்வொன்றையும் மேசை முழுக்கப் பரவும்படி தேய்க்கிறார்கள். பிறகு முழங்கையைக் கீழே கொடுத்து விளிம்புகளை இழுத்து இழுத்து, அடியில் விரித்த துணியின் பூ அச்சு மேலே தெரியும் அளவுக்கு மெல்லியதாக்குகிறார்கள். ஓர் அடுக்குக்கும் அடுத்த அடுக்குக்கும் இடையே உருக்கிய கொழுப்பு. ஆறும் சேர்ந்த பின் பொடியாகக் கொத்திய ஆட்டிறைச்சியும் வெங்காயமும் மிளகும் பரப்பி, பாயைப்போல் சுருட்டி, நத்தையாக வளைத்து வட்டப் பாத்திரத்தில் வைத்து அடுப்பில் தள்ளுகிறார்கள். வெந்து வர இரண்டு மணி நேரத்துக்கு மேல் ஆகும். வெட்டும்போது மேலடுக்கு சருகு மிதிபடும் சத்தத்தோடு உடைந்தது. உள்ளே நெய்ச்சோற்றின் மென்மை. மாவை இழுத்த அம்மா என்னிடம் சொன்ன ஒரே சமையல் குறிப்பு: அவசரம் இருக்கிற நாளில் இதைத் தொடாதே.

இந்த ஊரை அழகிய ஓவியமாக மட்டும் எழுதிவிட்டுப் போக எனக்கு மனமில்லை. 2014 ஜூனில் ஓர் இரவு யாரோ வந்து பள்ளிவாசல் சுவரில் பன்றியின் உருவம் வரைந்துவிட்டுப் போனார்கள். மையவாடிக் கற்களையும் விடவில்லை. முந்நூறு ஆண்டுகள் கழித்து வந்த கேள்வி அது: நீங்கள் இந்த ஊர்தானா? 2021இல் இன்னொன்று. பெலாரஸ் வழியாக மத்திய கிழக்கிலிருந்தும் ஆப்பிரிக்காவிலிருந்தும் வந்த அகதிகள் எல்லையில் குவிந்தபோது, செப்டம்பர் 2ஆம் தேதி போலந்து அரசு எல்லையோரம் 183 ஊர்களில் அவசரநிலை அறிவித்தது. க்ருஷின்யானி அந்தப் பட்டியலில் இருந்தது. வெளியாள் யாரும் உள்ளே வர முடியாது. பத்திரிகையாளருக்கும் தொண்டு அமைப்புகளுக்கும்கூட அனுமதியில்லை. விருந்தினர் வருகையை நம்பியிருந்த வீடுகளின் அடுப்பு அணைந்தது. காட்டுக்குள், சதுப்பில், பனியில் மனிதர்கள் இரு நாட்டுக் காவலர்களுக்கும் நடுவே துரத்தப்பட்டுக்கொண்டிருந்தார்கள். எல்லைப்பகுதியில் சில வீட்டு ஜன்னல்களில் பச்சை விளக்கு எரிந்தது. இங்கே கதவைத் தட்டலாம், சாப்பாடும் போர்வையும் கிடைக்கும் என்பது அதன் பொருள். அடுத்த ஆண்டு எல்லை நெடுக ஐந்தரை மீட்டர் உயர இரும்பு வேலி எழுந்தது.

மூன்றாம் நாள் வடக்கே போஹோனிக்கிக்கு மிதித்தேன். முப்பது கிலோமீட்டருக்கு மேல் இருக்கும். ஏறி இறங்கும் வெளி, ரை கதிர்கள் காற்றில் ஒரே பக்கமாகச் சாய்ந்து நிமிர்ந்தன. போஹோனிக்கியும் சொபியெஸ்கி கொடுத்த ஊர். அங்கேயும் ஒரு மரப் பள்ளிவாசல் இருக்கிறது, க்ருஷின்யானியைவிடச் சிறியது. 1945க்குப் பின் புதிய எல்லைக்கோடு தாத்தார்களின் பெரும்பாலான ஊர்களை லிதுவேனியாவிலும் பெலாரஸிலும் விட்டுவிட்டது. அவர்களுடைய பழைய மரப் பள்ளிவாசல்களில் போலந்துக்குள் எஞ்சியவை இந்த இரண்டுதான். மையவாடி ஊருக்கு வெளியே ஒரு மணல் மேட்டில், பைன் மரங்களுக்குக் கீழே இருக்கிறது.

2021 நவம்பர் 15ஆம் தேதி இருட்டிய பிறகு, இந்த மேட்டில் இறந்தவருக்கான ஜனாஸா தொழுகை ஒன்று நடந்தது. சிரியாவைச் சேர்ந்த 19 வயது இளைஞன்; எல்லையைக் கடக்கும்போது பூக் ஆற்றில் மூழ்கிப்போனவன். அவனுடைய குடும்பத்தார் இறுதிச் சடங்கை செல்பேசித் திரையில் தொலைவிலிருந்து பார்த்தார்கள். அடக்கம் செய்தவர்கள் போஹோனிக்கியின் தாத்தார்கள், அவனை ஒருநாளும் கண்டறியாதவர்கள். எல்லையில் நின்ற சிப்பாய்களுக்குச் சூப் சமைத்துக் கொடுத்தவர்களும் இதே ஊர்க்காரர்கள்தான். அகதிகளுக்கு உடுப்பு சேகரித்தவர்களும் அவர்களே. இரண்டுக்கும் நடுவே அவர்களுக்கு முரண் எதுவும் தெரியவில்லை. அடுத்த சில நாட்களில், பிறப்பதற்கு முன்பே இறந்துபோன ஒரு குழந்தையையும் இங்கேதான் புதைத்தார்கள்.

அந்தக் கல்லறைகளை யாரும் வழிகாட்டாமலே கண்டுபிடித்துவிட்டேன். மற்றவற்றைவிடப் புதியவை. மேலே இழைத்த கிரானைட் இல்லை, பீங்கான் படம் இல்லை. மணலைக் கூட்டி மேடாக்கி, சுற்றிலும் வயற்கற்களை அடுக்கியிருந்தார்கள். குழந்தையின் மேடு என் இரு கைகளையும் விரித்தால் அடங்கிவிடும் நீளம். அதன் ஓரத்தில் இளஞ்சிவப்பு நிறத்தில் ஒரு கல் சாய்ந்து விழுந்திருந்தது. மழை மணலை அரித்திருக்க வேண்டும். அதை எடுத்து நிமிர்த்தி வைத்தேன். வெயிலில் கிடந்த கல், கையில் சூடாக இருந்தது.